கடைசி ரீலைத் தேடி மூன்று ஊர்கள்

மேடை எனக்குப் புதிதன்று. கல்லூரி நாட்களிலேயே தஞ்சாவூர் முதல் நாகர்கோவில் வரை பட்டிமன்றக் கோப்பைகளை வென்று வந்தவன், பின்னர் நடுவராகவும் அமர்ந்தவன். எதிரணியினர் எழுந்து நிற்கும் முன்பே அவர்களுடைய வாதத்தை உட்கார வைப்பவன் என்று பெயர் வாங்கியவன். ஆகவே, தொண்ணூற்றெட்டாம் ஆண்டு அமெரிக்கத் தமிழ்ச் சங்கங்கள் மூன்று ஒரு திரைப்படத்தையும் அதன் இயக்குநரையும் அழைத்துவிட்டு, படத்தை மட்டும் போட்டால் கூட்டம் வராது, பேச்சாளர் ஒருவரும் வேண்டும் என்று எழுதியபோது, அக்கோரிக்கையின் நியாயம் எனக்கு உடனே விளங்கியது. பேச்சாளராக நான் புறப்பட்டேன்.

இயக்குநரின் பெயர் தில்லைநாயகம். கரூர்க்காரர், நாற்பத்தாறு வயது. கதை, வசனம், ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம், ஆள் வராத நாளில் நடிப்பு, படம் முடிந்தபின் சுவரொட்டி ஒட்டுதல் ஆகிய அனைத்தையும் தாமே செய்பவர். திரையரங்கு விளம்பரக் கண்ணாடிகளில் எழுத்து வரைவதில் தொடங்கியவர், அதன்பின் எடுத்த படங்களின் வகைக்கு எல்லையே இல்லை. விளக்குகள் வாடகைக்குக் கிடைக்காததால் முழுவதும் வெயிலிலேயே எடுத்த பேய்ப் படம் ஒன்று. நடிக்க வந்த பிள்ளைகளுக்குத் தேர்வு வந்துவிட்டதால் ஆட்டுக்குட்டிகளை வைத்தே முடித்த சிறுவர் படம் ஒன்று. தென்னையைத் துளைக்கும் காண்டாமிருக வண்டைப் பற்றி வேளாண்மைத் துறைக்காக ஒன்று. அந்த வண்டு வெளிநாட்டு விழா ஒன்றில் பாராட்டுப் பெற்றது. எங்களை அமெரிக்காவுக்கு அழைத்துச் சென்றதும் அந்த வண்டுதான்.

நாங்கள் எடுத்துச் சென்ற படம் வேறு. ‘ஆளுயரக் கண்ணாடி’ என்பது அதன் பெயர். ஆறு ஆண்டுகள் உழைத்து எடுத்தது. சாலையை அகலப்படுத்துவதற்காகக் கடையை இடித்துவிட, ஒரு முடிதிருத்தகக்காரர் கடையின் பெரிய கண்ணாடியை மட்டும் மிதிவண்டியில் கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போகிறார். இவ்வளவுதான் கதை. ஐந்து ரீல்கள், ஐந்து தகர டப்பாக்கள், உலகத்தில் ஒரே ஒரு பிரதி. டப்பாக்களின் மூடியில் எண் எழுதும் பொறுப்பை நான் ஏற்றுக்கொண்டு, தமிழனின் படத்துக்குத் தமிழ் எண்களே தகும் என்று க, உ, ங, ச, ரு என எழுதி வைத்தேன். அதை ஒரு வெற்றியாகவே அன்று கருதினேன்.

விமானத்தில் தில்லை அண்ணன் வழக்கத்துக்கு மாறாகப் பேசாமல் வந்தார். அட்லாண்டிக்கின் மேல் எங்கோ, பாலாடைக்கட்டியைப் பிரிக்கத் தெரியாமல் காகிதத்தோடு சேர்த்துக் கடித்துவிட்டு, விஷயத்தைச் சொன்னார். சென்னையில் தினமும் ஓடும் தொலைக்காட்சித் தொடர் ஒன்றுக்குப் படத்தொகுப்பாளராக நிரந்தர வேலை வந்திருக்கிறது. அதில் சேர்ந்தால் சொந்தப் படம் என்ற பேச்சே இருக்காது. அவருடைய மனைவி மல்லிகா அக்கா, கரூரில் கணக்கு ஆசிரியை, இரண்டு மகள்களைத் தம் சம்பளத்திலேயே படிக்க வைப்பவர். கணவனும் மனைவியும் ஓர் ஒப்பந்தத்துக்கு வந்திருந்தார்கள்.

“உள்ளூர்ல நாலு தடவை போட்டுட்டேன் தம்பி. ஒரு தடவைகூட சனங்க கடைசி ரீல் வரைக்கும் இருக்கல. அமெரிக்காவுல ஒரே ஒரு சபை எந்திரிக்காம உக்காந்து முடிவு வரைக்கும் பாத்துட்டா, நான் பாட்டுக்குப் படம் எடுக்கலாம். இல்லீன்னா ஒண்ணாந்தேதி சீரியல் ஆபீஸ்ல ஆஜர்.”

கவலை வேண்டாம், நான் இருக்கிறேன் என்றேன். உண்மையான நம்பிக்கையோடுதான் சொன்னேன்.

நியூ ஜெர்சியில் இறங்கியபோது சுங்க அதிகாரி டப்பாக்களைத் தட்டிப் பார்த்துவிட்டு, “இது கேக்கா?” என்று கேட்டார். திரைப்படம் என்றதும், “யாராவது பார்த்திருக்கிறார்களா?” என்று கேட்டார். அவர் பொதுவாகத்தான் கேட்டிருப்பார். அண்ணன் அன்று இரவு சரியாகச் சாப்பிடவில்லை.

ஜெர்சி சிட்டியில் எங்கள் தங்கல், சங்கச் செயலாளர் பாலு என்பவரின் அடுக்ககத்தில். வங்கிக் கணிப்பொறிகளில் இரண்டாயிரமாம் ஆண்டைப் புகுத்தும் வேலை அவருக்கு. காலை ஏழுக்குச் சுரங்க ரயிலில் மன்ஹாட்டனுக்குள் மறைபவர் மாலை ஏழுக்குத்தான் வெளிப்படுவார். நாங்களும் ஒருநாள் அந்த ரயிலில் சென்றோம். இன்னும் சரியாகச் சொன்னால், நான் சென்றேன். நடைமேடையில் ஒருவர் பிளாஸ்டிக் வாளியைக் கவிழ்த்துப் போட்டு மத்தளம்போல வாசித்துக்கொண்டிருந்தார். கதவு மூடிய பிறகு திரும்பிப் பார்க்கிறேன், அண்ணன் அந்த வாளியின் முன்னே குந்தி உட்கார்ந்து காதைச் சாய்த்துக்கொண்டிருக்கிறார். நான் அடுத்த ஊரான ஹோபோக்கனுக்குப் போய்த் திரும்பி வந்தபோதும் அதே இடத்தில் இருந்தார். ஒன்பது ரயில்களை விட்டுவிட்டதாகவும், ஐந்தாவது ரயில் கிளம்பும் சத்தம் மட்டுமே தாளத்தோடு பொருந்தியதாகவும் கூறினார்.

சனிக்கிழமை, பள்ளி அரங்கம் ஒன்றில் திரையிடல். மாலை ஆறு மணி வரை அரங்கம் நமக்கு. குத்துவிளக்கு, தமிழ்த்தாய் வாழ்த்து, மூன்று பரதநாட்டியங்கள், நான்கு பொன்னாடைகள், அதன்பின் என் அறிமுக உரை. நான் ஐம்பது நிமிடங்கள் பேசினேன். அண்ணனின் பன்முகத் திறனைப் பகுதி பகுதியாகப் பிரித்து, ஒளிப்பதிவில் தொடங்கி ஒலிப்பதிவில் ஏறி, சுவரொட்டி ஒட்டுதலில் உச்சத்தைத் தொட்டேன். பதினொரு முறை கைதட்டல் எழுந்தது. அண்ணன் திரைக்குப் பக்கத்தில் நின்று கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்ததை நான் பணிவு என்று எடுத்துக்கொண்டேன்.

நான்காவது ரீல் பாதி ஓடியபோது மணி ஆறு. பள்ளியின் காவலர் வந்து விளக்கைப் போட்டார். “படம் நன்றாக இருக்கிறது. அந்த மனிதர் கண்ணாடியை என்ன செய்யப் போகிறார் என்று எனக்கும் தெரிய வேண்டும். ஆனால் என் நேரம் முடிந்துவிட்டது” என்று ஆங்கிலத்தில் வருத்தத்தோடு சொல்லிவிட்டுக் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டார். எல்லாரும் கலைந்தார்கள்.

உரையின் விளைவு மறுநாள் காலையில்தான் தெரிந்தது. பாலுவின் வீட்டு வாசலில் பதினேழு குடும்பங்கள் நின்றன. அனைவருக்கும் கிரீன் கார்டு விண்ணப்பத்துக்குப் புகைப்படம் வேண்டும். முகம் முக்கால் பக்கம் திரும்பி, வலது காது முழுதாகத் தெரிய வேண்டுமென்பது அந்நாட்டு விதி. ஒளிப்பதிவு தெரிந்தவர் என்று நான்தானே மேடையில் முழங்கியிருந்தேன்! அண்ணன் மறுக்கவில்லை. படுக்கை விரிப்பைச் சுவரில் கட்டி, ஜன்னல் ஒளியை ஓர் அலுமினியத் தாளால் மடக்கி, காது காதாக இரண்டு நாட்கள் படம் பிடித்தார். ஒரு கணவர் மட்டும் குறை சொன்னார். “சார், என் wife எப்பவும் சிரிச்ச முகம். இதுல என்னமோ பெரிய secret ஒண்ணை மறைக்கிற மாதிரி இருக்காங்க. அப்புறம் அவன் approve பண்ணுவானா?” மனைவி அந்தப் படத்தைப் பெரிதாக்கி மாட்ட வேண்டும் என்று ஒரு பிரதி கூடுதலாகக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

அடுத்து கலிபோர்னியா. குபெர்டினோவில் எங்களை ஏற்றுக்கொண்டவர் முரளி. மென்பொருள் எழுதுபவர், தனியாக வாழ்பவர், ஒழுங்கின் உச்சம். அவரிடம் எழுத்தைத் தட்டினால் ஒட்டுச்சீட்டாக அச்சிட்டுத் தரும் சிறு இயந்திரம் ஒன்று இருந்தது. அவர் வீட்டில் பெயர் ஒட்டப்படாத பொருள் எதுவுமில்லை. குளிர்பெட்டிக்குள் ‘மாவு, திங்கள்’, ‘மாவு, வியாழன்’, ‘அம்மா கொடுத்த ஊறுகாய், தொடாதே’. நம் ஊரில் மாவு புளித்ததா என்று முகர்ந்து பார்ப்போம். அவர் படித்துப் பார்த்தார். இரண்டாம் நாள் எங்கள் டப்பாக்களும் அவர் கண்ணில் பட்டன. தமிழ் எண்கள் அவருக்குப் புரியவில்லை. வரிசையை என்னிடம் கேட்டுக்கொண்டு, என் எழுத்தின் மேலேயே புதிய சீட்டுகளை ஒட்டினார். பூஜ்யம், ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு.

ஐந்து ரீல்தானே, ஐந்து எங்கே என்று கேட்டேன்.

“நாங்க zero-லேருந்துதான் count பண்ணுவோம். அதான் correct” என்றார் முரளி. அந்த ஊரில் எல்லாரும் அப்படித்தான் எண்ணுகிறார்கள் என்பதை விசாரித்து அறிந்துகொண்டேன். எனவே விட்டுவிட்டேன்.

முன்னர் செய்த பிழையை உணர்ந்து, அங்கே இருபது நிமிடங்களில் உரையை முடித்தேன். முதல் ரீல் ஓடும்போதே அரங்கில் நெளிவு தொடங்கியது. அந்த ரீலில் எதுவும் நடப்பதில்லை. ஒரு முடிதிருத்தகம், ஒரு சாதாரண நாள், நாற்காலியில் மாறி மாறி அமரும் ஆட்கள், அவர்களின் பேச்சு, கடைசியில் வாசலில் ஒட்டப்படும் அரசாங்க நோட்டீஸ். கடையை இடிப்பது திரையில் வருவதில்லை, அடுத்த ரீல் மிதிவண்டியில்தான் தொடங்கும். மூன்றாம் ரீலில் யாரோ ஒருவரின் இடுப்பில் பேஜர் கத்தியது. அரங்கிலிருந்த எல்லாக் கைகளும் ஒருசேர இடுப்புக்குப் போயின. எங்கோ ஒரு கணினி படுத்துவிட்டதாம். பதினொரு பேர் கிளம்பிப் போனார்கள். அவர்கள் எழுந்ததைப் பார்த்து, சாப்பாடு போட்டுவிட்டார்கள் என்றெண்ணி மற்றவர்களும் எழுந்தார்கள். அவர்கள் எழுந்துவிட்டதால் சாப்பாட்டையும் போட்டுவிட்டார்கள்.

கடைசி ரீல் ஓடியது. அரங்கில் இருந்தவர் ஒருவர், முன்வரிசையில், தலையைச் சாய்த்தபடி. முரளி படம் காட்டும் இயந்திரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் மெதுவாக முன்வரிசைக்குச் சென்று பார்த்துவிட்டு வந்து, அவர் தூங்குகிறார் என்றாலும் எழுந்து போகவில்லை என்பதை அண்ணனிடம் எடுத்துரைத்தேன். அண்ணன் தலையசைத்தார்.

“தூங்கறவரைக் கணக்குல சேத்தக் கூடாது தம்பி. மல்லிகா ஒத்துக்க மாட்டா.”

அதன்பின் மூன்று நாட்கள், என் இருபது நிமிட உரையைக் கேட்டிருந்த ஓர் இளைஞரின் புதிய நிறுவனத்துக்காக, அவர் கைகளைக் கட்டிக்கொண்டு தொலைவைப் பார்ப்பதை அண்ணன் பல கோணங்களில் படம் பிடித்துக் கொடுத்தார். நிறுவனம் என்ன செய்கிறது என்று கேட்டோம். அது இன்னும் முடிவாகவில்லை என்றார்.

எஞ்சியிருந்தது டெக்சாஸ் மட்டுமே. டாலஸ் விமான நிலையத்துக்கு டாக்டர் கோமதி என்ற மயக்கமருந்து நிபுணரும் அவர் கணவர் ராஜேந்திரனும் இரண்டு கார்களில் வந்திருந்தார்கள். ஃபிரிஸ்கோ என்னும் புதிய புறநகரில் வீடு வாங்கிப் பத்து நாட்கள்தாம் ஆகியிருந்தன. விருந்தினர் அறை முழுக்கப் பிரிக்காத பெட்டிகள். எனவே எங்களை டாலஸில் நண்பர் ஒருவரின் வீட்டில் தங்க வைத்துவிட்டு, டப்பாக்களை மட்டும் டாக்டரம்மா தம் காரில் எடுத்துச் சென்றார். மறுநாள் ஞாயிறு காலை பத்து மணிக்கு அவர்கள் வீட்டுக் கார் கொட்டகையில் படம். இரவில் அண்ணன் என்னிடம் ஒரே ஒரு வேண்டுகோள் வைத்தார்: நாளைக்குக் கொஞ்சம் சுருக்கமாக. நான் புண்பட்டேன், ஆயினும் எட்டு நிமிடத்தில் அடங்கும் ஓர் உரையை வடித்தெடுத்தேன். என் வாழ்நாளில் அதைவிடச் செறிவான உரையை நான் அமைத்ததில்லை.

காலையில் ராஜேந்திரன் வந்து அழைத்துச் சென்றார். ஃபிரிஸ்கோவுக்குள் ஒன்பதரைக்கே நுழைந்துவிட்டோம். அதன்பின் அவருடைய வீட்டை அவரால் கண்டுபிடிக்க முடியவில்லை.

அவரைக் குறை சொல்ல மாட்டேன். தெருவுக்குத் தெரு அதே சிவப்புச் செங்கல், அதே சாய்ந்த கூரை, மூன்று குச்சிகளுக்கு நடுவில் கட்டிவைத்த அதே கன்று மரம். தெருப் பெயர்ப்பலகைகள் இன்னும் நடப்படவில்லை, கையிலிருந்த வரைபடத்தில் அந்த இடம் வெறும் புல்வெளியாக இருந்தது. வழி கேட்க நடந்து செல்பவர் எவருமில்லை. அந்த ஊரில் நடப்பதற்கே கார் வேண்டும். ஒரு வீட்டில் இறங்கிச் சாவியைப் போட்டுத் திருகிப் பார்த்தார். புல்லுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்த முதியவர் ஒருவர் அவசரமின்றிக் குழாயைத் தாழ்த்தி, “இந்த வாரத்தில் நீங்கள் நான்காவது ஆள்” என்றார். மணி பத்தே முக்கால். அண்ணன் பின்னிருக்கையில் கண்ணை மூடிக்கொண்டார்.

அப்போது ராஜேந்திரனுக்கு ஒரு யோசனை உதித்தது. கார் கொட்டகையின் கதவைத் தூரத்திலிருந்தே திறக்கும் சிறு கருவி காரில் இருந்தது. “எது தொறக்குதோ அது நம்ம வீடு” என்று சொல்லி, ஒவ்வொரு வீட்டின் முன்பும் வேகத்தைக் குறைத்து அதை அழுத்திக்கொண்டே வந்தார். நான்கு தெருக்களில் ஒன்றும் திறக்கவில்லை. ஐந்தாவது தெருவின் திருப்பத்தில், உருளும் ஓசையோடு ஒரு கதவு மேலே எழுந்தது. உள்ளே இருபத்து மூன்று பேர் மடக்கு நாற்காலிகளில் உட்கார்ந்து, வெயில் பாய்ந்த கண்களைக் கைகளால் மறைத்துக்கொண்டு எங்களை வைதார்கள். வெளுத்துப்போன வெள்ளைத் துணியில், மிதிவண்டியில் ஒருவர் கண்ணாடியோடு போய்க்கொண்டிருந்தார்.

“கதவை மூடுங்க. யாருன்னாலும் அப்புறம் பேசிக்கலாம்” என்று உள்ளிருந்து ஓர் அதட்டல். காத்திருந்து பார்த்துவிட்டு டாக்டரம்மாவே படத்தைத் தொடங்கியிருந்தார். கதவு இறங்கியது. இயக்குநரும் பேச்சாளரும் சலவை இயந்திரத்துக்குப் பக்கத்தில், இருட்டில், ஓசை காட்டாமல் நின்றோம். என் எட்டு நிமிட உரை என் சட்டைப் பையிலேயே இருந்தது.

அதன்பின் நான் கண்டது இதுவரை காணாதது. யாரும் நெளியவில்லை. சமையலறையிலிருந்து வெங்காய சாம்பாரின் மணம் வந்துகொண்டிருந்தும் எவரும் திரும்பவில்லை. திரையில் அந்த மனிதர் ஊர் எல்லையில் ஒரு புளியமரத்தில் கண்ணாடியைச் சாய்த்து வைத்து, எதிரே ஒரு முக்காலியைப் போட்டுக் காத்திருந்தார். யாரும் வரவில்லை. ஒரு மாடு வந்து கண்ணாடியில் தன்னைப் பார்த்தது. படம் முடிந்தது. விளக்கு எரிந்த பின்னும் இருபத்து மூன்று பேரும் உட்கார்ந்தே இருந்தார்கள். அண்ணனின் கை என் முழங்கையைப் பற்றியிருந்தது.

முதலில் பேசியவர் ஈரோட்டுக்காரரான ஓர் அங்கிள். “எல்லாஞ் சரி. அந்தக் கண்ணாடி யாரோடது? அந்த ஆளு அதை எங்கிருந்துதான் தூக்கிட்டு வர்றாரு? அது தெரிஞ்சிரும் தெரிஞ்சிரும்னு பாத்துக்கிட்டே இருந்தேன்.”

அவருக்குப் பக்கத்திலிருந்த பெண்மணி, அவர் திருடியிருப்பார் என்றார். இல்லை, இறந்துபோன மனைவியின் சீதனம் என்றார் இன்னொருவர். வாக்குவாதம் வளர்ந்தது. அண்ணன் என் முழங்கையை விட்டுவிட்டு டாக்டரம்மாவிடம் சென்றார். படம் காட்டும் இயந்திரத்தின் கீழே ஒரு டப்பா திறக்கப்படாமல் இருந்தது. அதன்மேல் பூஜ்யம்.

“அது test reel இல்லையா?” என்றார் டாக்டரம்மா. “Zero போட்டிருந்தா உள்ள ஒண்ணுமில்லைன்னுதானே சார் அர்த்தம்? என் வேலையில zero-ன்னு எழுதியிருந்தா, மருந்து காலின்னு நெனச்சு ஊசிய கீழ வெச்சிருவேன்.”

ஆக, படத்தின் முதல் ரீலை யாருமே பார்க்கவில்லை. கடைசி வரை பார்த்திருக்கிறார்கள், ஆரம்பத்தைத்தான் பார்க்கவில்லை. தொடக்கம் தெரியாததாலேயே அதை எதிர்பார்த்து முடிவு வரை அமர்ந்திருக்கிறார்கள். அண்ணன் ஒரு நாற்காலியில் சாய்ந்தார்.

டாக்டரம்மாவின் மகள், பதின்மூன்று வயது, அதுவரை ஒரு வார்த்தையும் பேசாதவள், தோளைக் குலுக்கி ஆங்கிலத்தில் சொன்னாள்: “அப்படியானால் பூஜ்யத்தை இப்போது போடுங்களேன். என்ன பெரிய விஷயம்?”

போட்டார்கள். முடிதிருத்தகம் திறக்கிறது. கண்ணாடியை ஒருவர் துணியால் துடைக்கிறார். ஆட்கள் வருகிறார்கள், போகிறார்கள், மழையைப் பற்றியும் மகள் திருமணத்தைப் பற்றியும் பேசுகிறார்கள். காதோரம் இன்னும் கொஞ்சம் எடுக்கச் சொல்கிறார்கள். குபெர்டினோவில் நெளிய வைத்த அதே இருபது நிமிடங்கள். இங்கே எல்லாரும் முன்னுக்குச் சாய்ந்து பார்த்தார்கள். எல்லாருக்கும் புளியமரமும் மாடும் முன்பே தெரிந்திருந்தன. வாசலில் நோட்டீஸ் ஒட்டப்பட்டபோது ஈரோட்டு அங்கிள் மெல்லக் கேட்டார், “இந்தக் கடையா போச்சு?”



விளக்கு வந்ததும் அண்ணன் என்னைத் தனியே அழைத்தார். “தம்பி, பட்டிமன்றத்துல நடுவரா உக்காந்தவன் நீ. நேர்மையாச் சொல்லு. இது கணக்குல சேருமா?”

இரு தரப்புக்கும் என்னிடம் வாதங்கள் இருந்தன. ஒவ்வொன்றையும் பத்து நிமிடங்கள் பேசியிருப்பேன். “சேரும் அண்ணா” என்றேன். அந்தப் பயணத்தில் நான் ஆற்றிய உரைகளில் அதுவே சிறியது.

மணி நண்பகல், கரூரில் இரவு பத்தரை. மல்லிகா அக்கா விழித்துத்தான் இருப்பார் என்று அண்ணன் சொன்னார். டாக்டரம்மாவின் இரண்டு கைகளிலும் அப்பளத் தட்டுகள் இருந்ததால், சமையலறைத் தொலைபேசியின் ஒலிபெருக்கிப் பொத்தானை முழங்கையாலேயே அழுத்தி, அண்ணன் சொன்ன எண்ணை மகளைவிட்டு அழுத்த வைத்தார். சாப்பாட்டுக்கு வரிசையில் நின்ற அத்தனை பேரும் அமைதியானார்கள். தாம் சொல்வது அறை முழுவதும் கேட்கிறது என்பது அக்காவுக்குத் தெரியாது.

“ஏனுங்க, கடைசி வரைக்கும் பாத்தாங்களா?”

“பாத்தாங்க மல்லிகா. கடைசி வரைக்கும் பாத்தாங்க. அப்புறம் ஆரம்பத்தையும் பாத்தாங்க.”

பூஜ்யத்தின் கதையை அண்ணன் விளக்கி முடித்தார். மறுமுனையில் ஒரு பெருமூச்சு, அமெரிக்கா முழுக்கக் கேட்கும்படி.

“அந்த மொத ரீலைத் தூக்கிக் கடைசில வையுங்கன்னு நான் மூணு வருசமாச் சொல்றேன். நாஞ் சொன்னா அது கணக்கு டீச்சர் பேச்சு. டெக்சாஸ்ல ஒரு டாக்டரம்மா மறந்துபோட்டாத்தான் உங்களுக்கு மண்டைல ஏறுமாக்கும்?”

வரிசையில் ஒருவர் சிரித்தார். அடுத்தவர் அதை அடக்க முயன்று தோற்றார். டாக்டரம்மா அப்பளத் தட்டோடு சுவரில் சாய்ந்துவிட்டார்.

“சரி, சீரியல்காரங்களுக்கு நாளைக்கு நானே போன் பண்ணி, வரமாட்டாருன்னு சொல்லிக்கிறேன். நீங்க அந்த டப்பாவைத் தொலைக்காம கொண்டுவாங்க” என்ற அக்கா, திடீரென்று குரலைத் தாழ்த்தினார். “யாருங்க அது, பக்கத்துல இத்தனை பேரு சிரிக்கறது?”

தில்லை அண்ணன் திரும்பி, கையில் காலித் தட்டோடு நின்ற ஒவ்வொருவரையும் நிதானமாகப் பார்த்தார்.

“ஆடியன்ஸ்” என்றார்.